உப்பு ஏற்றிக்கொண்டு கலைவிழாவுக்குப் போன கதை

நிகழ்த்துகலை, வீடியோ, பொருள்களை வைத்து ஓர் இடத்தையே படைப்பாக்கும் இன்ஸ்டலேஷன் மூன்றையும் கலந்து செய்கிறவள் நான். கல்யாண வீட்டில் யாராவது என்ன வேலை பார்க்கிறாய் என்று கேட்டால், வீடியோ எடுக்கிறேன் என்று சொல்லிவிட்டுப் பந்திக்கு நகர்ந்துவிடுவேன். அதற்கு மேல் விளக்கப் போனால் சாம்பார் ஆறிவிடும். ஆனால் இதே துறையில் கால்வைக்கிற தம்பி தங்கைகளுக்கு விளக்கியே ஆக வேண்டிய சில விஷயங்கள் இருக்கின்றன. மேற்குக் கடற்கரையில் ஒரு நகரத்தில், ஓர் அறக்கட்டளை நடத்திய கலைவிழாவுக்கு என்னை அழைத்திருந்தார்கள். போய்வந்ததில் கையிலிருந்து போனது 72,000 ரூபாய். அதைவிட வலித்தது, விழா முடிந்த பிறகு என் சொந்த நிகழ்வின் வீடியோவைக் கேட்டு ஏறத்தாழ ஓராண்டு அலைந்தது. ஊர் பெயரையும் அறக்கட்டளையின் பெயரையும் சொல்லப் போவதில்லை. சொன்னால் அந்த ஓரிடத்தை மட்டும் தவிர்த்துவிட்டு, அடுத்த இடத்தில் நம்பிக் கையெழுத்துப் போடுவீர்கள்.

எனக்கு ஊர் தூத்துக்குடிப் பக்கம். இந்தியாவின் உப்பு உற்பத்தியில் குஜராத்துக்கு அடுத்த இடம் தமிழ்நாட்டுக்கு. அதில் பெரும்பகுதி எங்கள் மாவட்டத்திலிருந்து போகிறது. அம்மா உப்பளத்தில் வேலை பார்த்தே எங்களைப் படிக்க வைத்தவர். நான் விழாவுக்குக் கொண்டு போனதும் உப்பைத்தான். ஒரு கூடத்தின் தரையில் இரண்டு டன் உப்பைப் பாத்திபோலப் பரப்ப வேண்டும். மாலையில் நான்கு மணி நேரம், நீளக் கைப்பிடி போட்ட பலகையால் அந்த உப்பை ஒரு முனையிலிருந்து மறுமுனைக்கு வாரிக் குவிப்பேன்; குவிந்ததும் மறுபடி பரப்புவேன். சுவரில் இரண்டு வீடியோக்கள் ஓடும். ஒன்றில் அம்மாவின் கைகள். மற்றொன்றில் அம்மாவின் முகம். கூலி, கால் வெடிப்பு, மழைக்காலத்தில் வேலையில்லாத மாதங்கள் என்று அவர் பேசிக்கொண்டே இருப்பார். ஒத்திகையை வீட்டு மொட்டை மாடியில் பார்த்த அம்மாவுக்கு என் வேலை பிடிக்கவில்லை. பலகையை அமுக்கினால் அடியிலிருக்கும் சேறும் சேர்ந்து வரும், உப்பு கறுத்துவிடும், மேலாக இழுக்க வேண்டும் என்று சொல்லி என் கையிலிருந்து பலகையை வாங்கி இழுத்துக் காட்டினார். தோளே அசையவில்லை; இடுப்பிலிருந்து பின்னால் சாய்ந்தார், உப்பு தானாகக் கூட வந்தது. பிறகு ஒரு கேள்வி கேட்டார். எல்லாம் முடிந்த பிறகு அந்த உப்பை யார் அள்ளுவார்கள்? விழா அமைப்பாளர்களிடம் இதைக் கேட்டேன். "அதெல்லாம் எங்கள் பொறுப்பு மேடம்" என்று மின்னஞ்சல் வந்தது. அந்த மின்னஞ்சலை இன்னும் வைத்திருக்கிறேன்.

பணப் பேச்சிலிருந்து தொடங்குகிறேன். அழைப்பில் இருந்தவை இரண்டு: தயாரிப்புச் செலவுக்கு ரசீதுகளின் பேரில் 1,50,000 ரூபாய் வரை, கலைஞருக்கு 60,000 ரூபாய் கட்டணம். படிக்க நன்றாகத்தான் இருந்தது. ரசீதின் பேரில் என்பதற்கு, முதலில் உங்கள் காசைப் போடுங்கள் என்று பொருள். முன்பணமாக 40,000 மட்டும் வந்தது. உப்பும் லாரியும் ஏற்றுக்கூலியும் சேர்ந்தே 52,000 ஆகிவிட்டது. அதில் உப்பின் விலை சொற்பம், லாரி வாடகைதான் முழுங்கியது. இரண்டு புரொஜெக்டர்களின் வாடகை 36,000. அதற்குத் தனியாக 50,000 ரூபாய் வைப்புத்தொகை. உதவிக்கு வந்த பையனின் பயணமும் சாப்பாடும் 14,000. விழா முடிந்து கணக்குக் கொடுத்தபோது, ஜிஎஸ்டி ரசீது இல்லாத எதையும் அவர்களுடைய கணக்காளர் ஏற்கவில்லை. உப்பளத்தில் மூட்டை ஏற்றுகிற அண்ணாச்சியிடம் போய் ஜிஎஸ்டி எண் கேளுங்கள் பார்க்கலாம்! எங்கள் வேலையில் பாதிச் செலவு இப்படிப்பட்ட கைகளுக்குத்தான் போகிறது: சுமைதூக்குபவர், தச்சர், டிராக்டர்காரர், டீக்கடை. ஆகவே லாரி கிளம்புவதற்கு முன்பே, ரசீது கிடைக்காத செலவுகளுக்குக் கையெழுத்து வாங்கிய பற்றுச்சீட்டு போதும் என்று எழுத்தில் ஒரு வரி வாங்கிவிடுங்கள். அந்த ஒரு வரி இல்லாததால் எனக்குப் போனது 26,000. முன்பணமும் மதிப்பீட்டில் பாதியாவது வர வேண்டும். மீதி, பொருள்கள் அரங்கில் இறங்கிய அன்று வர வேண்டும். முடிந்த பிறகு என்று ஒத்துக்கொண்டால், முடிந்த பிறகு அவர்களுக்கு நீங்கள் தேவையில்லை.

கட்டணத்தைப் பேரம் பேசக் கூசுகிறவர்களுக்கு ஒரு தகவல். நியூயார்க்கில் 2008-இல் தொடங்கிய டபிள்யூ.ஏ.ஜி.ஈ. என்ற கலைஞர் அமைப்பு, ஒரு நிறுவனத்தின் ஆண்டுச் செலவு எவ்வளவோ அதை வைத்துக் கலைஞருக்குத் தர வேண்டிய குறைந்தபட்சக் கட்டணத்தைக் கணக்கிட்டு அட்டவணையே போட்டிருக்கிறது. தனிநபர் கண்காட்சிக்கு இவ்வளவு, குழுக் கண்காட்சிக்கு இவ்வளவு, நிகழ்வுக்கு இவ்வளவு என்று தனித்தனியாக. நம் ஊரில் அந்த அட்டவணையை நீட்டிக் காசு வாங்க முடியாதுதான். ஆனால் தயாரிப்புச் செலவு வேறு, கலைஞரின் கட்டணம் வேறு, ஒன்றிலிருந்து மற்றொன்றைக் கழிக்கக் கூடாது என்ற வாதத்தை அதிலிருந்து எடுத்துக்கொள்ளலாம். எனக்கு அதைத்தான் செய்தார்கள். தரையைச் சுத்தம் செய்த செலவு என்று 35,000 ரூபாயைக் கட்டணத்தில் பிடித்துக்கொண்டார்கள். அந்தத் தரைக்கு என்ன ஆயிற்று என்பதுதான் இந்தக் கதையின் நடுப்பகுதி.

வழியைப் பற்றி ஒரு வார்த்தை. உப்புக்கு ஜிஎஸ்டி கிடையாது, அதனால் சிக்கல் இல்லை. ஆனால் அதே வண்டியில் உங்கள் சொந்தக் கருவிகள் போனால், மதிப்பு 50,000 ரூபாயைத் தாண்டும்போது, சரக்கு கொண்டுபோவதற்கான மின்னணுச் சீட்டான இ-வே பில் கேட்பார்கள். விற்பனைக்கு அல்ல, கண்காட்சிக்குப் போய்த் திரும்பி வரும் பொருள் என்று எழுதிய சலான் ஒன்றை, கருவிகளின் வரிசை எண்களோடு ஓட்டுநர் கையில் கொடுத்து அனுப்புங்கள். பழைய கதவு, மரப்பெட்டி, குத்துவிளக்கு வைத்து இன்ஸ்டலேஷன் செய்கிறவர்கள் வெளிநாட்டுக்கு அனுப்புவதாக இருந்தால் இன்னும் கவனம் தேவை. 1972-ஆம் ஆண்டுத் தொல்பொருள் சட்டப்படி நூறாண்டுக்கு மேற்பட்ட பொருளைத் தனியார் ஏற்றுமதி செய்ய முடியாது. சுவடிகளுக்கு எழுபத்தைந்து ஆண்டுகளே எல்லை. உங்கள் பொருள் தொல்பொருள் அல்ல என்று இந்தியத் தொல்லியல் துறையிடம் சான்றிதழ் வாங்கி வைக்காவிட்டால் சுங்கத்தில் நின்றுவிடும். மரப்பெட்டியில் அடைத்தால் அந்த மரம் வெப்பப் பதனம் செய்யப்பட்டு முத்திரை குத்தியதாக இருக்க வேண்டும். வயல் மண்ணை வைத்து வேலை செய்கிற நண்பர்கள் எனக்கு உண்டு. ஐரோப்பிய ஒன்றியம் நம் ஊர் மண்ணை உள்ளே விடாது என்பதை அவர்கள் விமான நிலையத்தில் தெரிந்துகொள்ள வேண்டாம்.

அரங்கு கடலை ஒட்டிய ஒரு பழைய கிடங்கு. சிவப்புச் சிமெண்ட் தரை, உயரமான ஓட்டுக்கூரை. பார்த்ததும் எனக்குப் பிடித்துவிட்டது, பிடித்ததுதான் ஆபத்து. உப்பைப் பற்றி வேதியியல் புத்தகம் சொல்வது, காற்றில் ஈரப்பதம் சுமார் 75 சதவீதத்தைத் தாண்டினால் சோடியம் குளோரைடு ஈரத்தை உறிஞ்சித் தானே கரையத் தொடங்கும் என்பது. பாத்தியிலிருந்து நேராக வரும் உப்பில் மக்னீசியம் உப்புகளும் கலந்திருப்பதால் அது அதற்கும் முன்பே கசியும். மழைக்காலத்தில் வீட்டு உப்பு ஜாடி நீர்த்துப்போவதைப் பார்த்த எவருக்கும் இது தெரியும். அதனால்தான் முதல் கடிதத்திலேயே, இரவும் பகலும் ஏசி ஓட வேண்டும், ஈரப்பதம் 60 சதவீதத்துக்கு மேல் போகக் கூடாது என்று எழுதியிருந்தேன். ஒத்துக்கொண்டார்கள். விழாவுக்குப் படைப்புகளைத் தேர்ந்து அமைக்கிற கியூரேட்டர் பாராட்டி ஒரு வரியும் எழுதினார், பொருளின் இயல்பை நீங்கள் எவ்வளவு நுட்பமாக அறிந்திருக்கிறீர்கள் என்று.

தொடக்க விழா அன்று இரவு ஒன்பது மணிக்கு விளக்கை அணைத்துக் கதவைப் பூட்டியபோது ஏசியையும் சேர்த்து அணைத்துவிட்டார்கள். மின்கட்டணத்தைக் குறைக்கச் சொல்லி மேலிடத்திலிருந்து உத்தரவாம். காவலாளிக்கு என் கடிதத்தைப் பற்றி யாரும் சொல்லியிருக்கவில்லை. காலையில் கதவைத் திறந்ததும் உப்பளத்து வாடை வந்தது. வெள்ளையாக இருந்த பாத்தியின் ஓரங்கள் கண்ணாடிபோல மின்னின. கிட்டே போய்ப் பார்த்தால் நீர். கீழே விரித்திருந்த தார்ப்பாயின் விளிம்பு ஓரிடத்தில் மடங்கியிருந்தது. அங்கே கோர்த்த உப்புநீர், சிவப்புத் தரையில் மெல்லிய வாய்க்கால்போல இறங்கி, காய்ந்த இடங்களில் பூத்திருந்தது. விரலால் தொட்டால் சோப்புப்போல வழுக்கியது. வாரிப் பார்த்தேன்; பலகை அசையவில்லை, கூழில் புதைந்தது. உதவிக்கு வந்த பையனும் நானும் மின்விசிறிகளை இரவல் வாங்கி வைத்து, மேல் அடுக்கைச் சுரண்டி எடுத்து, மாலைக்குள் எப்படியோ ஒப்பேற்றினோம். அன்று இரவும் ஏசியை அணைத்தார்கள். மூன்றாம் நாள் சண்டை போட்ட பிறகுதான் ஓடவிட்டார்கள். அதற்குள் கூரைச் சட்டத்தில் தாழ்வாகத் தொங்கவிட்டிருந்த ஒரு புரொஜெக்டரின் உள்ளே உப்புத்துகள் போய், ஈரமும் சேர்ந்து, மின்சுற்று அட்டை பச்சை பிடித்திருந்தது. வாடகைக்குக் கொடுத்தவர் கழற்றிப் பார்த்துவிட்டு வைப்புத்தொகை முழுவதையும் எடுத்துக்கொண்டார். அவரைக் குறை சொல்ல மாட்டேன்.

இங்கே என் அனுபவத்தின் சாரத்தைச் சொல்லிவிடுகிறேன். அழைக்கிற அமைப்புகளுக்கு உங்கள் படைப்பு என்பது பார்வையாளர் வந்துபோகும் அந்த மாலை நேரம் மட்டுமே. பூட்டிய பிறகான இரவு, பிரித்து அள்ளுகிற மறுநாள், வீடியோ கேட்டு அலையும் மாதங்கள், காசு வர வேண்டிய தேதி எல்லாம் அவர்கள் மனக்கணக்கில் இல்லவே இல்லை. அவற்றுக்கு ஒப்பந்தத்தில் இடம் பிடிப்பது உங்கள் வேலை. கியூரேட்டர் தலையாட்டியது போதாது. கட்டடத்தின் சாவி யாரிடம் இருக்கிறதோ அவருடைய பெயரும் கைப்பேசி எண்ணும் தாளில் இருக்க வேண்டும். இரவில் என்னென்ன ஓட வேண்டும் என்பதை அவர் படிக்கும் மொழியில் ஒரு அட்டையில் எழுதிச் சுவிட்சுக்கு மேலே ஒட்டுங்கள். ஈரமானி ஒன்று வாங்கி வையுங்கள். எண்களைச் சேமித்துவைக்கும் வகை கிடைத்தால் நல்லது, பின்னால் சண்டைக்கு உதவும். கருவிகளுக்குக் காப்பீடு யார் எடுப்பது, தரைக்குச் சேதம் வந்தால் யார் பொறுப்பு, அரங்கின் தட்பவெப்பம் பேசியபடி இல்லாததால் வந்த சேதம் யார் தலையில் என்று மூன்றையும் தனித்தனியாக எழுதுங்கள். உப்பு, மெழுகு, தண்ணீர், பூ, சாம்பல், மீன் எதை வைத்து வேலை செய்கிறவர்களும் இதைச் செய்தே ஆக வேண்டும். தூசும் ஈரமும் உள்ள இடத்தில் புரொஜெக்டரை எவ்வளவு உயரத்தில் மாட்ட முடியுமோ அவ்வளவு உயரத்தில் மாட்டி, அதற்கேற்ற லென்ஸைக் கேட்டு வாங்குங்கள்.

வீடியோவைப் பற்றிச் சுருக்கமாக. இரண்டு திரைகளுக்கு இரண்டு மலிவான பிளேயர்களை வைத்து ஒரே நேரத்தில் பொத்தானை அழுத்தினால், காலையில் சேர்ந்து ஓடுவது மாலைக்குள் விலகிவிடும். அம்மாவின் கைகள் ஓடி முடிந்த பிறகும் முகம் பேசிக்கொண்டிருக்கும். இரண்டு படங்களையும் 3840-க்கு 1080 என்ற ஒரே கோப்பாகப் பக்கத்தில் பக்கம் வைத்துச் சேர்த்து, ஒரு கணினியிலிருந்து இரண்டு புரொஜெக்டர்களுக்குப் பிரித்து அனுப்பினால் இந்தத் தொல்லை இல்லை. பென் டிரைவ் ஃபேட்32 முறையில் இருந்தால் 4 ஜிபிக்கு மேற்பட்ட கோப்பு ஏறாது. நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், ஆகவே நொடிக்கு 25 பிரேம், ஷட்டர் 1/50 என்று எடுத்தால் குழல்விளக்கு வெளிச்சத்தில் படம் துடிக்காது. இவற்றை விழா நடத்துகிறவர்களின் தொழில்நுட்ப ஆள் அறிந்திருப்பார் என்று எதிர்பார்க்க வேண்டாம். பெரும்பாலும் அவர் கல்யாண மண்டபத்துக்கு எல்இடி திரை போடுகிறவர். நல்ல மனிதர், ஆனால் அவருக்கு உங்கள் படைப்பு தெரியாது.

உடம்பு. நான்கு மணி நேரம் வெறுங்காலுடன் உப்பில் நடந்தால் விரலிடுக்குகளில் தோல் உரியும். உரிந்த இடத்தில் உப்பு படும். அம்மா கொடுத்தனுப்பிய தேங்காய் எண்ணெயை முன்கூட்டியே தடவிக்கொண்டதால் சமாளித்தேன். ஆனால் நான் எதிர்பார்க்காத தொல்லை பார்வையாளர்களிடமிருந்து வந்தது. ஒருநாள் ஒருவர் தண்ணீர் பாட்டிலைத் திறந்து, நான் வாரிக் குவித்த அம்பாரத்தின் உச்சியில் நிதானமாக ஊற்றினார். நண்பர் அதை வீடியோ எடுத்தார். நான் பேசக் கூடாது என்பது நிகழ்வின் விதி. அதை உடைக்கவும் மனமில்லை, பொறுக்கவும் முடியவில்லை. நிகழ்த்துகலைஞர் மரினா அப்ரமோவிச் 1974-இல் நேப்பிள்ஸில், தன்மேல் விரும்பியபடி பயன்படுத்தலாம் என்று 72 பொருள்களை மேசையில் வைத்துவிட்டு ஆறு மணி நேரம் அசையாமல் நின்றதையும், கூட்டம் துப்பாக்கியை அவர் பக்கம் திருப்பும் வரை போனதையும் கல்லூரியில் படிக்கும்போது தொலைவில் நடந்த கதையாகக் கேட்டிருக்கிறேன். அந்தப் பாட்டில்காரரைப் பார்த்தபோது தொலைவாகத் தெரியவில்லை. உங்கள் பக்கத்து ஆள் ஒருவர் கூடத்தில் நின்றே ஆக வேண்டும். விழாவின் தன்னார்வலர் போதாது. அவர் இடையில் டீ குடிக்கப் போய்விடுவார். எந்தக் கட்டத்தில் குறுக்கிட வேண்டும், எந்தக் கட்டத்தில் நிகழ்வை நிறுத்த வேண்டும் என்பதை நீங்களும் அவரும் முன்பே பேசி, ஒரு சைகையை முடிவு செய்துகொள்ளுங்கள்.

கடைசி நாள் முடிந்ததும் அம்மாவின் கேள்வி வந்து நின்றது. உப்பை யார் அள்ளுவது? ஒருங்கிணைப்பாளர்கள் அடுத்த கண்காட்சிக்குப் போய்விட்டார்கள். கிடங்கின் மேலாளர் மறுநாள் மதியத்துக்குள் கூடம் காலியாக வேண்டும் என்றார். இரண்டு டன் அழுக்கு உப்பைச் சாக்கடையிலும் கொட்ட முடியாது, மண்ணிலும் கொட்ட முடியாது. கொட்டிய இடத்தில் புல் முளைக்காது. விசாரித்ததில், பக்கத்து ஐஸ் தொழிற்சாலை உப்புநீர்த் தொட்டிக்கு எடுத்துக்கொள்ளும் என்று தெரிந்தது. டிராக்டரும் ஆட்களும் 9,000 ரூபாய், ரசீது இல்லாமல். ஐஸ் ஆலைக்காரர் எங்களுக்கு டீ வாங்கிக் கொடுத்தார். அந்த விழாவில் எனக்குக் கிடைத்த உண்மையான உபசாரம் அதுதான். பிரிப்பதும் அகற்றுவதும் யார் செலவு, எத்தனை ஆட்கள், எந்தத் தேதிக்குள் என்று ஒப்பந்தத்தில் இருக்க வேண்டும்.

இனி வீடியோ. விழாக்காரர்கள் நல்ல ஒளிப்பதிவாளர் ஒருவரை அமர்த்தி, ஒரு மாலை முழுவதையும் பல கேமராக்களில் எடுத்தார்கள். எங்கள் துறையில் நிகழ்வு முடிந்த பிறகு மிஞ்சுவது பதிவுதான். அடுத்த அழைப்பும், நிதிநல்கையும், அருங்காட்சியகம் வாங்குவதும் அதை வைத்துத்தான். தெஹ்சிங் ஷே என்ற தைவான் கலைஞர் 1980-81-இல் நியூயார்க்கில் ஓராண்டு முழுவதும் மணிக்கொரு முறை தொழிற்சாலை நேரப்பதிவுக் கடிகாரத்தில் அட்டையைக் குத்தினார். ஒவ்வொரு முறையும் தன்னை ஒரே ஒரு பிரேம் படம் பிடித்தார். ஓராண்டு சுமார் ஆறு நிமிடப் படமாகச் சுருங்கியது. 8,760 முறையில் தவறவிட்டது 133. அதையும் காரணத்தோடு எழுதிவைத்தார். அட்டைகளுக்குச் சாட்சி ஒருவரின் கையொப்பம் வேறு. பதிவை யார் கையிலும் விடாமல் தானே வைத்துக்கொண்டதால் அந்த வேலை இன்றும் முழுமையாக நிற்கிறது. எதிர்ப்பக்கம் டினோ சேகல் என்ற கலைஞர். தன் நிகழ்வுகளைப் படம் எடுக்கவே விடமாட்டார், விற்பனை ஒப்பந்தம்கூட வாய்மொழிதான். இரண்டுமே தெளிவான முடிவுகள். என் நிலைமை இரண்டும் இல்லை. முழுக் காட்சிகளையும் தாருங்கள் என்று கேட்டால் "எடிட்டிங் நடக்கிறது" என்று பதில் வந்தது. பிறகு பதிலே வரவில்லை. பல மாதம் கழித்து விழாவின் புரவலரான ஓர் அடுக்குமாடிக் கட்டுமான நிறுவனத்தின் விளம்பரத்தில் நான் உப்பு வாரிக்கொண்டிருந்தேன். பின்னணியில் புல்லாங்குழல். அம்மாவின் முகம் சுவரில் தெரிகிறது, குரல் இல்லை. அதற்கு மேல் கடல் பார்த்த வீடுகள் என்ற எழுத்து. அம்மாவுக்குக் காட்டினேன். வீடு என்ன விலை என்று கேட்டார்.

வழக்கறிஞரைப் பார்க்க 15,000 ரூபாய் ஆனது. அந்தச் செலவில் நான் கற்றதை இலவசமாகத் தருகிறேன். 1957-ஆம் ஆண்டு பதிப்புரிமைச் (காப்பிரைட்) சட்டத்தின் 17-வது பிரிவின்படி, ஒருவர் காசு கொடுத்து எடுக்கச் சொன்ன புகைப்படத்துக்கும் வீடியோவுக்கும், வேறு ஒப்பந்தம் இல்லாவிட்டால், காசு கொடுத்தவரே முதல் உரிமையாளர். ஒளிப்பதிவாளரை அமர்த்தியது விழா; ஆகவே காட்சிகள் தங்களுடையவை என்று அவர்கள் சொன்னதில் பாதி நியாயம் இருந்தது. மறுபாதி நம்முடையது. நிகழ்த்துபவருக்கென்று தனி உரிமை 38-வது பிரிவில் இருக்கிறது, ஐம்பது ஆண்டுகள் நிற்கும். நிகழ்வைப் பதிவு செய்யும் உரிமை நிகழ்த்துபவருடையது. நிகழ்த்துபவர் யார் என்ற பட்டியலில் நடிகர், பாடகர், கழைக்கூத்தாடி வரிசையில் பாம்பாட்டியும் இருக்கிறார். நம்மைப்போன்றவர்கள் "நிகழ்த்தும் வேறு எவரும்" என்ற கடைசிச் சொற்களில் ஒட்டிக்கொள்கிறோம். 2012 திருத்தத்தில், பெயர் குறிப்பிடப்படுவதற்கும் நற்பெயர் கெடும்படித் திரிப்பதை எதிர்ப்பதற்கும் நிகழ்த்துபவருக்கு உரிமை வந்தது. எல்லாவற்றையும்விட வலுவாக என் வழக்கறிஞர் பிடித்த பிடி வேறு: சுவரில் ஓடிய அம்மாவின் வீடியோ நான் எடுத்தது, முழு உரிமை எனக்கு, விளம்பரத்தில் அது தெரிகிறது. நோட்டீஸ் போனதும் விளம்பரம் நீக்கப்பட்டது. இன்னும் சில மாதம் இழுத்தடித்துக் காட்சிகள் ஒரு ஹார்ட் டிஸ்கில் வந்தன, ஒரு கேமராவின் கோப்புகள் இல்லாமல்.

ஏசியை அணைத்துப் படைப்பைக் கெடுத்ததற்கும் சட்டத்தில் வழியுண்டா என்று கேட்டேன். சிற்பி அமர் நாத் சேகலின் வெண்கலச் சுவர்ச்சிற்பத்தை டெல்லி விஞ்ஞான் பவனிலிருந்து பெயர்த்தெடுத்துச் சிதைத்த வழக்கில், 2005-இல் டெல்லி உயர் நீதிமன்றம் கலைஞருக்கு 5 லட்சம் ரூபாய் இழப்பீடும் மிச்சத் துண்டுகளும் கொடுக்கச் சொன்னது. அது அதே பதிப்புரிமைச் சட்டத்தின் 57-வது பிரிவு. ஆனால் அதே பிரிவில், படைப்பைக் கலைஞருக்குத் திருப்தியாகக் காட்சிக்கு வைக்காதது மட்டும் உரிமை மீறல் ஆகாது என்றும் இருக்கிறது. அப்படியானால் ஈரப்பதம், ஏசி, வெளிச்சம் எல்லாம் ஒப்பந்தத்தில் எழுதினால்தான் உண்டு.

இப்போது நான் எந்த அழைப்புக்கும் முதலில் அனுப்புகிற வரிகள் இவை: பதிவுக்கு யார் காசு கொடுத்தாலும் பதிப்புரிமை கலைஞருக்கு, முழுக் காட்சிகளின் நகல் நிகழ்வு முடிந்த இரண்டு வாரத்துக்குள், அமைப்பு தன் இணையதளத்திலும் ஆண்டறிக்கையிலும் பெயரோடு பயன்படுத்தலாம், புரவலருக்கோ விளம்பரத்துக்கோ கொடுக்க ஒவ்வொரு முறையும் எழுத்துமூல அனுமதி வேண்டும். உரிமையை எழுதிக் கொடுக்க நேர்ந்தால் காலத்தையும் நாட்டையும் குறிப்பிடுங்கள். குறிப்பிடாவிட்டால் சட்டம் ஐந்து ஆண்டு, இந்தியாவுக்குள் என்று எடுத்துக்கொள்ளும். இவற்றோடு, உங்களுக்காக மட்டும் ஒரு கேமராவை மூலையில் முக்காலியில் நிறுத்துங்கள். சுமாரான கோணமாக இருந்தாலும் அன்று இரவே கோப்பு உங்கள் பையில் இருக்கும். காணாமல் போன அந்தக் கேமராவின் இடத்தை இன்று நிரப்புவது உதவிக்கு வந்த பையன் கைப்பேசியில் எடுத்ததுதான்.

கட்டணம் வந்த விதம்: 60,000-இல் 10 சதவீத வரிப் பிடித்தம் 6,000, தரைக்கு 35,000, கையில் 19,000. தயாரிப்புக்கு முன்பணம் போக 45,000 தந்தார்கள். பிடித்த வரியை உங்கள் பான் எண்ணில் கட்டியிருக்கிறார்களா என்று வருமான வரி இணையதளத்தில் பாருங்கள். என் விஷயத்தில் கேட்ட பிறகுதான் கட்டினார்கள். மத்திய அரசின் உத்யம் தளத்தில் குறுந்தொழிலாகப் பதிவு செய்துகொள்வது இலவசம். கலைப்பணிக்கும் அதில் குறியீடு உண்டு. பதிவு இருந்தால் 2006-ஆம் ஆண்டுக் குறு, சிறு, நடுத்தரத் தொழில்கள் சட்டப்படி அதிகபட்சம் 45 நாளுக்குள் பணம் தர வேண்டும், தவறினால் கூட்டு வட்டி. அந்தப் பதிவு எண்ணை இப்போது என் ரசீதின் தலையிலேயே அச்சிட்டிருக்கிறேன். அடுத்து வேலை கொடுத்தவர்கள் அதைப் பார்த்தோ என்னவோ, நான் நினைவூட்டாமலே அனுப்பிவிட்டார்கள். தரைக்காகப் பிடித்த 35,000 ரூபாயைக் கேட்டு அறக்கட்டளைக்கு இன்னும் கடிதம் எழுதிக்கொண்டிருக்கிறேன், என் முதல் கடிதத்தின் ஏசி வரியையும் "எங்கள் பொறுப்பு மேடம்" மின்னஞ்சலையும் ஒவ்வொரு முறையும் இணைத்து. பாக்கிப் பணத்துக்கு வழக்குப் போடக் காலவரம்பு மூன்று ஆண்டுகள். எனக்கு இன்னும் அவகாசம் இருக்கிறது.